சுவருக்கு மேலே பார்த்த பிள்ளை

கயிற்றின் அந்த முனையில் இருந்த என் நூர்ஜான் அக்காவுக்கு,

நீ போய் ஆறு வருஷம் ஆகிறது. நான் அஞ்சாவதோடு நின்றவள், உனக்குத் தெரியும். பிழை இருந்தால் பொறுத்துக்கொள். இத்தனை நாள் எழுதாததற்குப் படிப்பு காரணம் இல்லை. உன்கிட்ட சொல்ல வேண்டிய ஒரு வார்த்தையைச் சொல்லாமலே விட்டுவிட்டேன். போன புதன்கிழமை மஞ்சுளா ஒன்று செய்தாள். அதை உனக்குச் சொல்லணும் என்றால் மற்றதையும் சொல்லித்தான் ஆகணும்.

நாம் இருந்த வரிசை வீடு அப்படியேதான் இருக்கிறது. அதே ஆறு ரூம், அதே சிமெண்ட் சீட்டுக் கூரை. ரூமுக்கு ரூம் நடுவில் இருக்கிற சுவர் இன்னும் கூரையைத் தொடவில்லை. உன் ரூமில் இப்போ ஒரு டெய்லர் இருக்கிறார். பகலெல்லாம் மிஷின் சத்தம் சுவரைத் தாண்டி வருகிறது.

மஞ்சுளாவுக்கு மூணு மாசம் ஆனதும் நான் மறுபடி கம்பெனிக்குப் போனேன். காலை ஆறு மணி ஷிப்ட். அவங்கப்பா லாரியோடு போனவர், மாசத்துக்கு ஒரு தரம் வந்தால் உண்டு. ஒன்பதரைக்கு டீ டைமில் ஓடி வந்து பால் கொடுத்துவிட்டு ஓடுவேன். மிச்ச நேரம் முழுக்கப் பிள்ளை பூட்டின ரூமுக்குள்ளே, தூளியில். நீ அந்தப் பக்கம் பலகை முன்னால் உட்கார்ந்து ஊதுவத்தி உருட்டுவாய். கையெல்லாம் கறுப்பு மாவு. அந்தக் கையோடு எழுந்து எழுந்து வர முடியாது என்று தூளிக் கயிற்றைச் சுவருக்கு மேலே போட்டு, உன் கால் கட்டைவிரலில் மாட்டிக்கொண்டாய்.

"நீ போ மாது. நான் கால ஆட்டிக்கினே கெடக்கறேன்" என்றாய்.

கயிற்றைக் கொடுத்தேன். சாவியைக் கொடுக்கவில்லை. ஏன் என்று நீ ஒரு நாளும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பேன்? எங்க ஊர் கல்லாவியில் இருந்து சனம் சொல்லி அனுப்பியிருந்தது, நாம வேற அவங்க வேற, அவங்க கையால புள்ளைக்கு எதையும் குடுக்க விடாத என்று. பெருநாளைக்கு நீ கொடுத்த சேமியாவை நான் தின்றேன். பிள்ளையை மட்டும் பூட்டினேன்.

அதனால் அவளுக்கு உன் குரல் தெரியும், உன் காலாட்டம் தெரியும். சாயங்காலம் வாசலில் என் இடுப்பில் இருந்தபடி உன்னைப் பார்ப்பாள்தான். ஆனால் நான் முகம் சுளிப்பேன் என்று நீ என் முன்னால் அவளோடு பேசவே மாட்டாய். அந்த முகமும் சுவருக்கு மேலே இருந்து வருகிற குரலும் ஒரே ஆள் என்று அவளுக்கு யார் சொன்னது? "மஞ்சு, சானமாவுக் காட்டுல ஆனை எறங்கிடுச்சாம், ராகிக் கொல்லையில பூந்துடுச்சாம்" என்று நீ கதை சொல்லும்போது அவள் கூரைக்கும் சுவருக்கும் நடுவில் இருக்கிற இடைவெளியைத்தான் பார்த்துக்கொண்டிருப்பாள்.

எட்டாம் மாசம் தூளி பத்தாமல் போனது. தரையில் விட்டேன். அடுப்புப் பக்கம் போய்விடுவாள் என்று சீலைத்துணியால் அவள் காலை ஜன்னல் கம்பியில் கட்டினேன். கயிற்றை எடுத்துவிடாமல், எங்க பக்கத்து நுனியில் அவள் கைக்கு எட்டுகிற மாதிரி ஒரு காலிப் பவுடர் டப்பாவில் நாலு கல் போட்டுக் கட்டித் தொங்கவிட்டேன். ஒரு நாள் நான் ஷிப்ட் முடிந்து வந்ததும் நீ வாசலில் நின்றிருந்தாய்.

"மாது, உம்பொண்ணு என்கூடப் பேசறா தெரியுமா. நான் ஒரு இழு இழுத்தா அவ ஒரு இழு இழுக்கறா. நான் நிறுத்தினா அவளும் நிறுத்திட்டுக் காத்துக்கினு இருக்கா."

"கயிறு இழுக்கறதுக்கு ஒரு பட்டம் குடுத்துடு" என்று சொல்லிவிட்டு உலை வைக்கப் போனேன். நான் அந்தக் கயிற்றை ஒரு தரம்கூட இழுத்துப் பார்த்ததில்லை அக்கா. எட்டு மணி நேரம் நின்று வந்தவளுக்குப் பிள்ளை முகத்தைப் பார்த்து உட்காரத் தோன்றவில்லை. பால் கொடுக்கும்போதும் என் கண் அடுப்பில் இருக்கும்.

வீட்டுக்காரம்மா கன்னடத்தில் சொல்லுவார், "ஒள்ளே மகு, அளோதே இல்ல" என்று. நல்ல பிள்ளை, அழுவதே இல்லையாம். அதைக் கம்பெனியில் எல்லார்கிட்டயும் சொல்லிச் சொல்லிப் பூரித்தேன்.

நீ மட்டும் பூரிக்கவில்லை. குழாயடியில் என்னை நிறுத்தினாய். "கோவிச்சுக்காத மாது. மொதல்ல அழுவா, நான் கொரல் குடுப்பேன். நான் மாவு வாங்கப் போன நேரத்துல எல்லாம் அழுது பாத்திருக்கா, யாரும் வரல. இப்ப அழறதையே உட்டுட்டா. இது சமத்து இல்லடி. கூப்பிட்டா யாரும் வரமாட்டாங்கன்னு தெரிஞ்சிக்கின புள்ள. சாவியக் குடு. நான் கையக் கழுவிக்கினு போய்த் தூக்கிக்கறேன்."

நான் என்ன சொன்னேன் என்று இங்கே எழுதியே ஆகணும். "புள்ள பெக்காத வயிறு, உனக்கென்ன தெரியும்? எம்புள்ள மேல கண்ணு போடாத" என்றேன். தண்ணிக்கு நின்ற அத்தனை பேரும் கேட்டார்கள். நீ பாதி நிறைந்த குடத்தைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாய். வீட்டுக்கு வந்ததும் கயிற்றை உருவி டப்பாவோடு பெட்டியில் போட்டேன்.

இரண்டு மாசம் கழித்து ஒரு மத்தியானம் பூட்டைத் திறக்கிறேன். கட்டின இடத்திலேயே உட்கார்ந்திருக்கிறாள். பிஸ்கட் துண்டுக்கு வந்த எறும்பு கணுக்காலில் இருந்து தொடை வரைக்கும் ஏறியிருக்கிறது. கால் சிவந்து வீங்கிக் கிடக்கிறது. வாயைத் திறக்கவில்லை. என்னைப் பார்த்தாள், பிறகு சுவருக்கு மேலே பார்த்தாள். கத்தினது நான்தான். என் சத்தத்துக்குத்தான் நீ ஓடி வந்தாய்.

"காலையில இருந்து காத இங்கதான் வெச்சுக்கினு இருந்தேன். ஒரு சத்தம் இல்லையேடி" என்று நீ தரையில் உட்கார்ந்துவிட்டாய்.

அன்றைக்குச் சாவியை உன் கையில் வைத்தேன். நீ பழையதை எடுக்கவே இல்லை. கையைச் சோப்புப் போட்டுக் கழுவி அவளைத் தூக்கினாய். கட்டை மாதிரி விறைத்துக்கொண்டு சுவர்ப் பக்கமே திரும்பினாள். பிள்ளையை என்கிட்டக் கொடுத்துவிட்டு உன் ரூமுக்குப் போனாய். அந்தப் பக்கம் தண்ணி டிரம்மை நகர்த்தி மேலே ஏறுகிற சத்தம். அப்புறம் சுவருக்கு மேலே உன் முகம், முக்காடு நழுவி, நெற்றியில் மாவோடு.

"மஞ்சு, ஆனை வந்துச்சு" என்றாய். குனிந்து மறைந்தாய். மறுபடி வந்தாய். அவள் உன் வாயைப் பார்த்தாள், கண்ணைப் பார்த்தாள். நாலாவது தரமோ அஞ்சாவது தரமோ சத்தமாகச் சிரித்தாள். பிள்ளைக்கு ஒரு வயசு தாண்டியிருந்தது. அவள் சிரிப்பை நான் காதால் கேட்டது அன்றைக்குத்தான்.

சுவருக்கு மேலே இருந்த முகம் கொஞ்சம் கொஞ்சமாகக் கதவுக்கு வந்தது, பிறகு மடிக்கு வந்தது. எனக்கும் நீதான் சொல்லிக் கொடுத்தாய். நான் அடுப்பைப் பார்த்துக்கொண்டு பால் கொடுத்தால் என் தாடையைப் பிடித்துத் திருப்புவாய். "சோறு எங்கயும் ஓடிப் போவாது. அவ மூஞ்சியப் பாரு. அவ ஆன்னா நீயும் ஆன்னு சொல்லு. சொல்லிட்டு வாய மூடு, அவ மொறைய அவளுக்கு உடு. நீயே லொடலொடன்னு பேசினா அவ எப்பதான் பேசறது?"

அதற்கு ஒரு வருஷம்கூட ஆகவில்லை, உன் இருமல் நெஞ்சில் இறங்கிவிட்டது. உங்க ஆளுங்க உன்னைக் கிருஷ்ணகிரிக்குக் கூட்டிப் போனார்கள். நீ இல்லை என்ற சேதி எனக்கு ஷிப்ட் முடிந்த பிறகு வந்தது. பஸ் பிடித்துப் போவதற்குள் அடக்கம் பண்ணிவிட்டார்கள். குழாயடியில் சொன்ன வார்த்தைக்கு மன்னிப்புக் கேட்க இருந்தேன் அக்கா. நாளைக்கு, நாளைக்கு என்று இருந்தேன்.

உன்னைக் கூட்டிப் போனதும், பெட்டியில் இருந்து எடுத்து மறுபடி கட்டியிருந்த கயிற்றை மஞ்சுளா மூணு நாள் இழுத்தாள். இழுப்பாள், காத்திருப்பாள். இழுப்பாள், காத்திருப்பாள். அந்தப் பக்கம் ஓடிப் போய் நானாவது பதிலுக்கு இழுக்கலாம் என்று பார்த்தால் உன் ரூம் பூட்டியிருந்தது. நாலாம் நாள் அவள் இழுக்கவில்லை.

பேச்சு மூணரை வயசுக்கு மேலேதான் வந்தது. முதல் வார்த்தை "ஆனை". சுவரைப் பார்த்துச் சொன்னாள். இப்போ மூணாவது படிக்கிறாள். கணக்கு நன்றாகப் போடுகிறாளாம். முகத்தைப் பார்த்துப் பேசுவதில்லை, ஒருத்தரோடும் சேருவதில்லை என்று டீச்சர் சொல்கிறார். போன வருஷம் காலில் ஆணி ஏறியது. செருப்பெல்லாம் ரத்தம். தரையைத் துடைக்கும்போதுதான் எனக்கே தெரிந்தது. பூட்டி வைத்த அந்த மாசங்களை நான் யார்கிட்டப் போய்த் திருப்பிக் கேட்பது?

இனிமேல்தான் புதன்கிழமை சேதி. நான் முறத்தைப் பார்த்து அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தேன். மஞ்சுளா வந்தாள். இரண்டு விரலால் என் தாடையைப் பிடித்து அவள் பக்கம் திருப்பினாள்.

"அம்மா, பல்லு வலிக்குது."

சொல்லிவிட்டு ஓவென்று அழுதாள். பக்கத்து ரூமில் டெய்லர் மிஷினை நிறுத்திவிட்டார். அழாதே என்ற வார்த்தை என் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. விழுங்கிவிட்டேன். அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அது அவள் முறை. அழுது முடித்து அவளாக என் மடியில் சாய்ந்த பிறகுதான் நான் வாயைத் திறந்தேன்.

தாடையைப் பிடித்துத் திருப்புவதை எங்கே கற்றாள்? நீ அப்படிச் செய்தபோது அவளுக்கு ஒரு வயசு. அந்த வயசில் பார்த்தது நிற்குமா அக்கா? உன்னைத் தவிர யாரைக் கேட்பேன்?

குழாயடியில் நான் சொன்னது பொய். அவளைக் காதால் வளர்த்தவள் நீ. மன்னித்துவிடு என்று கேட்கிற யோக்கியதை எனக்கு இல்லை, இருந்தாலும் கேட்கிறேன். இனி அவள் எப்போது என் முகத்தைத் திருப்பினாலும் திரும்புவேன். அழுதால் அழாதே என்று சொல்லமாட்டேன். கையில் என்ன வேலை இருந்தாலும் போட்டுவிட்டுக் கேட்பேன். இது உனக்கு நான் கொடுக்கிற வாக்கு.

சாவியைப் பிந்திக் கொடுத்த உன் தங்கச்சி,
மாதம்மா