பாலைப்பழமும் எண்ணெய் பூசிய சிறகும்

மச்சாள்,

வவுனியா பஸ் நிலையத்தில் இன்று ஒருவன் பாலைப்பழம் விற்றுக்கொண்டிருந்தான். அந்த மணத்தில் வந்த பஸ்ஸையும் விட்டுவிட்டு நின்றேன். வாங்கவில்லை. நீங்கள் போய்ச்சேர்ந்த பிறகும் இந்தப் பழம் என்னைச் சும்மா விடுவதாயில்லை.

ஐம்பதுகளின் கடைசி. குடியேற்றத் திட்டத்தில் காணி கிடைத்து நீங்கள் யாழ்ப்பாணத்திலிருந்து கனகராயன்குளத்துக்கு வந்த புதிது. நமக்குள் உறவொன்றும் இல்லை. வேலிக்கு இரு பக்கமும் நின்று கதைத்தே மச்சாள்மார் ஆனோம். சிறகில் அடிபட்டு விழுந்த கிளியொன்றைக் கூட்டில் வைத்துப் பார்த்தீர்கள். உங்கள் வீட்டுக்காரர் வயலுக்குப் போனால் உங்களோடு கதைக்க அது ஒன்றுதான். ஆனாலும் காயம் ஆறியதும் பறக்கவிடுவதென்றே இருந்தீர்கள்.

நான் காட்டில் பொறுக்கிய பாலைப்பழத்தைச் சுளகோடு கொண்டுவந்தேன். “பால் ஒட்டுது மச்சாள், கழுவிக் கொஞ்சமாக் குடுப்பம்” என்றீர்கள். எனக்குச் சிரிப்பு. “காட்டுக் கிளிக்குக் குளிப்பாட்டின பழமோ? இது யாழ்ப்பாணமில்லை, வன்னி” என்று அள்ளிப் போட்டேன். மரத்துக் கிளி கொத்திவிட்டுப் பறந்துவிடும், கூட்டுக் கிளி நசிந்த பழத்திலேயே புரளும் என்பது என் பெரிய மூளைக்கு எட்டவில்லை. மறுநாள் சிறகெல்லாம் பிசின். பாலைப்பழம் தின்று ஒட்டிய உதட்டுக்கு நாங்கள் தேங்காயெண்ணெய் பூசுவோமே, அதையே சிறகிலும் தேய்த்துவிட்டேன்.

சிறகின் காயம் ஆறியிருந்த அந்தக் கிழமையே கிளிக்கூட்டமொன்று முற்றத்து மரத்தில் வந்து இறங்கியது. “எண்ணெய் காயட்டும்” என்றீர்கள். “தன்ர சனத்தைக் கண்டால் தானாப் பறக்கும், திறவுங்கோ” என்று அவசரப்படுத்தியவள் நான். திறந்தீர்கள். ஒட்டிய சிறகு விரியவில்லை. வேலியடியில் விழுந்த கிளியை, நாம் ஓடிப்போவதற்குள் பூனை கவ்விக்கொண்டு போய்விட்டது.

நீங்கள் ஏசியிருந்தால் நானும் திருப்பி ஏசி ஆறியிருப்பேன். “நீங்கள் வேணுமெண்டோ செய்தனீங்கள்?” என்றுதான் கேட்டீர்கள். கண் மட்டும் சிவந்திருந்தது.

அடுத்த நாள், முற்றத்துக்கு வரும் மைனாக்களுக்காக விதை நீக்கிய பப்பாசிப்பழத்தைத் துண்டு துண்டாகப் பலகையில் வைத்துக்கொண்டிருந்தீர்கள். ஒரு துண்டை என்னிடம் நீட்டி, “நீங்களும் வையுங்கோ மச்சாள்” என்றீர்கள். “கை ஊத்தை” என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். கழுவ உங்கள் கிணறு பக்கத்திலேயே இருந்தது.

கிளி செத்தது என் அறியாமையால் என்று மனதைத் தேற்றலாம். அந்தத் துண்டை வாங்காததற்கு என்ன சொல்ல? அதன்பிறகு எத்தனையோ வருஷம் அயலில் இருந்தோம், நன்றாகவே இருந்தோம். நீங்கள் திரும்ப நீட்டவில்லை, நானும் கேட்கவில்லை.

இப்போது நானும் பழம் வைக்கிறேன், கழுவி, விதை எடுத்து, அளவாக. மைனா வருகிறது, கிளியும் வருகிறது. வைக்கிற ஒவ்வொரு தரமும் நீட்டியபடியே நிற்கிற உங்கள் கைதான் தெரிகிறது, மச்சாள்.