சம்பந்தியம்மாவின் கன்னம்

ஆவணி 9, திங்கள்.

மகள் கல்யாணத்துக்குத் தாம்பூலப் பையில் கமர்கட்டு போடப்போகிறேன் என்றதும் சம்பந்தியம்மாவின் முகம் சுண்டிவிட்டது.

"ஏனுங்க, பெட்டிக்கடை முட்டாயைப் போட்டா எங்க சனம் சிரிக்குமுங்க. சாக்லேட்டே போட்டுருங்க."

நான் வாதாடவில்லை. வெல்லப்பாகில் தேங்காய் போட்டு நானே உருட்டியதில் ஒன்றை எடுத்துக் கொடுத்தேன். அந்தக் காலத்தில் பள்ளிக்கூடம் விட்டதும் ஒன்றைக் கன்னத்தில் ஒதுக்கினால் வீடு வரும்வரை கரையாது. யார் கூப்பிட்டாலும் பதில் சொல்லவும் முடியாது.

அவர் காரில் ஏறும்போது கேட்டேன்: "அப்பக் கமர்கட்டே போட்டரலாங்களா?"

ஒரு கன்னம் உப்பியிருந்தது. வேண்டாமென்று சொல்ல வாய் வரவில்லை. இன்னொன்றுக்குக் கையை நீட்டினார்.

விடிந்ததும் பெரிய வடைச்சட்டியை அடுப்பில் ஏற்றுகிறேன். இனி யார் பேச்சும் எடுபடாது.