ரத்தினம் சாரின் பதினாலாவது மாதம்

1925 ஜூன் 9, செவ்வாய். ரங்கூன்.

விடிந்ததிலிருந்து மழை. குடைக் கம்பி ஒடிந்தது, முனிசிபல் தண்ணீர் ஆபீசுக்கு நனைந்தே போனேன். வாங்க வேண்டியது: கம்பி, மண்ணெண்ணெய், மகள் கமலாவுக்கு இருமல் மருந்து.

பத்து மணிக்கு ரத்தினம் சார் வந்தார். வாட்டர் இன்ஸ்பெக்டர், இப்போது சஸ்பென்ஷன். ஊரைவிட்டுப் போகக்கூடாது, தினம் பத்து மணிக்கு என் மேஜைக்கு வந்து கையெழுத்துப் போட வேண்டும், நாற்காலி கிடையாது. பதினாலு மாதமாக நின்றபடியே. வெளுத்த கோட்டு, மழித்த முகம், ஒரு நாள்கூடத் தாமதமில்லை. அவரை நிற்கவைப்பதைப் பார்த்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

பியூன்கள் பேச்சு: "இந்நேரம் ஒரு புள்ளை பொறந்து அதுக்குப் பல்லும் முளைச்சிருக்கும். இவங்க விசாரணை மட்டும் முடியலை."

அதிகாரி மாறியது மூன்று தடவை. ஒவ்வொருத்தரும் முதலிலிருந்து. வெள்ளிக்கிழமை நாலாவது துரை, அன்றே முடிவாம்.

ஜூன் 10, புதன்.

மழை விட்டது. புழுக்கம்.

குற்றச்சாட்டு இதுதான்: கெமெண்டைன் பேட்டையில் குடிசைகள் எரிந்த அன்று, தண்ணீரைக் கூட்டிவிடப் போனவர் வால்வை மூடிவிட்டார். பன்னிரண்டு குடிசை சாம்பல். உயிர்ச்சேதமில்லை, நல்ல வேளை. வேண்டுமென்றே செய்தாராம். அவரா! குழாய் வெடித்தால் சாப்பாட்டுக் கையோடு ஓடுகிற மனுஷன்.

உதவலாமென்று ரிக்கார்டு அறையில் பழைய வால்வுப் புத்தகத்தைத் தேடினேன். கரையான் தின்றது போக மிச்சம் கிடைத்தது. கெமெண்டைன் வால்வுக்கு எதிரே சிவப்புப் புள்ளி. அப்படியென்றால் பழைய காலத்து வால்வு, மற்றவற்றுக்கு நேர் எதிர்ப்பக்கம் திருப்பினால்தான் திறக்கும்; வழக்கம்போலத் திருப்பினால் மூடிக்கொள்ளும்.

இப்போது புழங்கும் புதுப் புத்தகத்தில் புள்ளி இல்லை. பழையதைப் பார்த்துப் புதியதை எழுதியது யார்? நான். அன்றைக்குச் சிவப்பு மை தீர்ந்துபோயிருந்தது. நாளைக்கு வைக்கலாமென்று விட்டேன். வைக்கவேயில்லை.



ஜூன் 11, வியாழன்.

சூலே பகோடா பக்கம் மீன்சாறும் சேமியாவும் விற்கும் மோகிங்கா கடையில் அவரைப் பிடித்தேன். பழைய புத்தகத்தை நீட்டினேன். அவர் கிண்ணத்தைக் கீழே வைக்கவேயில்லை.

"தெரியும் ஓய். தீப்பிடிச்ச மூணாம் நாளே பார்த்துட்டேன்."

"அப்ப ஏன் சார் சொல்லலை?"

"நீர் டெம்பரவரி குமாஸ்தா. உமக்கு சஸ்பென்ஷனும் கிடையாது, விசாரணையும் கிடையாது. அன்னிக்குச் சாயங்காலமே வீட்டுக்கு அனுப்பியிருப்பான். எனக்குப் பாதிச் சம்பளமாவது வருதே."

"பதினாலு மாசம் சார்!"

"ரெண்டு மாசத்துல முடிஞ்சிரும்னு நெனச்சேன். துரைமார் மேல எனக்கு அவ்வளவு நம்பிக்கை." சிரித்தார். "திருப்பினது என் கைதானே? தண்ணி நின்னதை நான் உடனே கவனிச்சிருக்கணும். புத்தகத்தை இருந்த எடத்துல வையும். கமலாவுக்கு இருமல் தேவலையா?"

என்ன மனுஷன்! தினம் என் முன்னால் நின்று கையெழுத்துப் போட்டாரே, முகத்தில் ஒரு சுளிப்பு உண்டா? கடைக்காரி முன்னாலேயே அழுதுவிட்டேன்.

நாளை நான் வாயைத் திறக்காவிட்டால் அவருக்கு டிஸ்மிஸ். திறந்தால் எனக்கு. பெண்சாதி அலமேலுவிடம் சொன்னேன். வீட்டு வாடகை, கமலா என்று ஒரு பேச்சும் எடுக்கவில்லை. என் கோட்டை எடுத்து இஸ்திரிப் பெட்டி போட உட்கார்ந்தாள்.

ஜூன் 12, வெள்ளி.

மறுபடி மழை. ஆபீஸ் மாடியில் விசாரணை, குறிப்பெழுத நானும். துரை கடிகாரத்தைப் பார்த்தபடி, வேறு ஏதும் சொல்ல இருக்கிறதா என்றார். ரத்தினம் சார் இல்லை என்றார்.

எழுந்தேன், பழைய புத்தகத்தோடு.

"உட்காரும் ஓய்," என்றார் அடிக்குரலில். அவர் குரல் நடுங்கிக் கேட்டது இன்றுதான்.

நான் உட்காரவில்லை.