சாவடிக்குள் நடந்த விசாரணை

அனுப்புநர்:
ச. தெரசாள், த/பெ சவரியப்பன்,
மாதா கோயில் தெரு,
ஓடைக்கரைப்பட்டி, திருச்சுழி வழி.

பெறுநர்:
உயர்திரு மாவட்ட ஆட்சியர் அவர்கள்.

பொருள்: ஊர்ச் சாவடியில் நடக்கும் ரேஷன் கடையில் எங்கள் தெருவாரைப் படியேற விடாதது, அதைத் தங்கள் அதிகாரி விசாரித்த அழகு ஆகியவை குறித்து.

மதிப்பிற்குரிய ஐயா,

1. எங்கள் ஊர் ரேஷன் கடை, மேலத்தெருவாரின் சாமிப் பெட்டி இருக்கும் சாவடியில் நடக்கிறது. தாழ்த்தப்பட்டவர்கள் அங்கே படியேறக் கூடாதாம். நாங்கள் வேதத்தில் சேர்ந்து கிறிஸ்தவர்களாகி இரண்டு தலைமுறை ஆகியும் அதில் மாற்றமில்லை. கீழே நின்று சாக்கை விரித்துப் பிடிக்க, மேலிருந்து அரிசியைக் கொட்டுகிறார்கள். கைரேகை மிஷினை மட்டும் கீழே இறக்கித் தருவார்கள். எங்கள் விரல் பட்ட மிஷின் திரும்ப மேலே போகும். சாமிக்கு அதில் ஆட்சேபம் இல்லை போலும்.

2. நான் படியில் கால் வைத்தபோது நாட்டாண்மை கோட்டைச்சாமி, "அங்கனயே நில்லு தாயி, சாமான் ஒன்னத் தேடி வரும்" என்றார். மரியாதையாகத்தான் சொன்னார். அந்த மரியாதை தாங்காமல்தான் போன மாதம் தங்களிடம் மனுக் கொடுத்தேன்.

3. விசாரணைக்கு வந்த தங்கள் அதிகாரி அதே சாவடிக்குள் போய் உட்கார்ந்தார். காப்பியும் சேவும் முடித்து என் பெயரைக் கூப்பிட்டார். "இங்கனதான் நிக்கேன் ஐயா, ஏற விட மாட்டேங்காக" என்று கீழே நின்று கத்தினேன். ஏறிட்டுப் பார்த்தார், குனிந்து எழுதினார். 'மனுதாரர் ஆஜராகவில்லை. ஊரில் பாகுபாடு இல்லை' என்று எனக்குப் பதில் வந்திருக்கிறது. பாகுபாட்டைத் தேடி வந்தவர் அதன் மடியிலேயே உட்கார்ந்து அப்படி ஒன்று இல்லை என்று எழுதியிருக்கிறார். இதற்கு ஒரு சம்பளம்.

4. எங்கள் வீட்டுக்கு இது புதிதல்ல. என் அப்பா காலத்தில் ஊருணி. எங்கள் ஆட்கள் குடத்தோடு கரையில் காத்து நிற்க, மனமிரங்கியவர்கள் ஊற்றுவார்கள். அப்பாவும் மனுக் கொடுத்தார். வந்த அதிகாரி பண்ணையார் வீட்டில் கறிச்சோறு சாப்பிட்டு, எங்களைப் பொறுமையாக இருக்கச் சொல்லிவிட்டுப் போனார். பொறுத்தது போதும் என்று அப்பா ஊருணியில் இறங்கித் தண்ணீர் எடுத்தார். அவர் கையை ஒடித்தவர்கள் மேல் வழக்கில்லை. குடிதண்ணீரைக் கலக்கியதாக அவர் மேல்தான் வழக்கு. அன்றைய அதிகாரி ஜீப்பில் வந்தார், இவர் ஏசி காரில் வந்தார். இத்தனை வருடத்தில் நான் கண்ட முன்னேற்றம் அவ்வளவுதான்.

5. ஆகவே, பஸ் ஸ்டாப் அருகே பூட்டிக் கிடக்கும் அரசுக் கட்டடத்துக்குக் கடையை மாற்ற வேண்டும். விசாரணையை வேறொருவரைக் கொண்டு, எங்களாலும் உட்கார முடிகிற இடத்தில் நடத்த வேண்டும்.

அடுத்த முறை அரிசி போடும் நாளில் நான் படியேறுவேன். என்னை அடித்தால் வழக்கு யார் மேல் பதிவாகும் என்பது எங்கள் ஊரில் எல்லோருக்கும் தெரியும். தங்களுக்கும் தெரியும் என்பதுதான் வெட்கக்கேடு.

இடம்: ஓடைக்கரைப்பட்டி
நாள்: 18.08.2025

இவ்வளவுக்குப் பிறகும் தங்களுக்கே எழுதும்,
ச. தெரசாள்