இரண்டாவது மெழுகுவத்தி

அன்புள்ள அக்கா,

உங்கள் ஆராய்ச்சிக்கு விருது கொடுத்த விழாவின் வீடியோவைப் பார்த்தேன். குழந்தையை இழந்த அம்மாக்களின் வாட்ஸ்அப் குழுவில் சேர, உங்களுக்கும் ஒரு மகன் இறந்ததாகச் சொன்னீர்களாம். "அப்போதுதான் மனம்விட்டுப் பேசுவார்கள்" என்றீர்கள். கைதட்டினார்கள்.

பேசினேன், அக்கா. என் வீட்டுக்காரரிடம்கூடச் சொல்லாததையெல்லாம் உங்களுக்கு எழுதினேன்.

போன கல்லறைத் திருநாளன்று கருமத்தம்பட்டியில் என் மகளின் கல்லறையில் இரண்டு மெழுகுவத்தி ஏற்றினேன்.

"அம்மணி, இன்னொண்ணு யாருக்கு?" என்றார் வீட்டுக்காரர்.

"கோயமுத்தூர் அக்கா பையனுக்குங்க. அவங்களால கல்லறைக்குப் போக முடியறதில்லீங்க."

நாளை மறுபடியும் கல்லறைத் திருநாள். அவரே மறக்காமல் இரண்டு வாங்கி வந்திருக்கிறார். ஜெபத்தில் சொல்ல உங்கள் பையனின் பெயரைக் கேட்கிறார்.

இவ்வளவு சொன்னவர், அவனுக்கு ஒரு பெயரும் வைத்து அனுப்புங்கள்.

இப்படிக்கு,
உங்கள் கட்டுரையில் ஏழாம் எண் தாய்