மத்தியானத்தில் அண்ணி போகும் இடம்

என்னை இங்கே கத்தவிட்டுவிட்டு நிம்மதியாகப் போய்ச் சேர்ந்த என் அண்ணனுக்கு,

நலமா என்று கேட்க மாட்டேன். அங்கே உனக்கு என்ன குறை? இங்கே பிள்ளையார்பாளையத்தில்தான் சத்தம் தாங்கவில்லை. எதிர்வீட்டில் டிவி, பக்கத்துத் தெருவில் ஆடிக் கூழுக்கு ஸ்பீக்கர், நம் வீட்டில் நான்.

உன் பெண்டாட்டி மேல் எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது அண்ணா. கோபப்படாதே, முழுசாகக் கேள். மத்தியானம் சாப்பிட்டதும் முகம் கழுவி, புடவை மாற்றிக் கிளம்பிவிடுகிறாள். எங்கே என்றால் "சும்மா, இப்படித்தான்" என்கிறாள். சும்மா போகிறவள் பவுடர் போட்டுக்கொள்வாளா?

ஆரணியிலிருந்து அவள் தம்பி அடிக்கடி போன் செய்கிறான். "அங்க என்னாத்துக்கு இருக்கிற, இங்க வந்துடுக்கா" என்று அவன் சொன்னது என் காதில் விழுந்தது. அவள் போய்விட்டால் நான் என்ன செய்வேன்? உடலையும் கரையையும் தனித்தனியாக நெய்து கோக்கிற கோர்வைப் புடவைக்கு இரண்டு பேர் வேண்டும். உடலுக்கு நான் நூல் வைத்த நாடாவை எறிந்தால், பக்கத்தில் உட்கார்ந்து கரைக்கு அவள் எறிய வேண்டும். தறியாவது போகட்டும். புருஷனும் இல்லாமல் பிள்ளையும் இல்லாமல் இருக்கும் எனக்கு, அவளை விட்டால் யார் இருக்கிறார்கள்?

அதனால் தறியில் உட்கார்ந்தாலே விசாரணைதான். போனில் யார்? என்ன சொன்னான்? நேற்று எங்கே போனீங்க? நான் பேசப் பேச அவள் கை தவறியது. கரையும் உடலும் சேருமிடத்தில் கோணல் விழுந்து, பிரித்து மறுபடி நெய்தோம். மனசு இங்கே இல்லை, அதனால்தான் கோணுகிறது என்று அதையும் அவள் கணக்கிலேயே சேர்த்தேன்.

போன வாரம் அவள் பின்னாலேயே போனேன். பெரிய காஞ்சிபுரத்தில் ஒரு கல்யாண மண்டபம். தியான வகுப்பாம். அமைதியாக இருங்கள் என்று ஒருவர் மைக்கில் சொல்லிக்கொண்டிருந்தார். இலவசமாம். இந்தக் காலத்தில் இலவசமாக யார் எதைத் தருகிறார்கள்? கடைசியில் எண்ணெயோ மாலையோ விற்பார்கள் என்று காத்திருந்தேன். எல்லோரும் கண்ணை மூடினார்கள். நான் மட்டும் தூண் மறைவிலிருந்து அண்ணியையும், வாசலில் விட்ட என் செருப்பையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

எதற்காக வருகிறீர்கள் என்று மைக்காரர் ஒவ்வொருவரையும் கேட்டார். அண்ணி எழுந்தாள்.

"என் வூட்டுக்காரு போயிட்டாருங்க. அவரை நெனச்சி அழணும்னு இருக்குது. நாத்தனா பேசிக்கினே இருக்கா. நல்லவதான். ஆனா அவ கேள்விக்குப் பதில் சொல்லிச் சொல்லியே அவரு கொரல் மறந்துடும்போல இருக்குது. அதான் இங்க வந்து ஒக்காந்துக்கினு இருக்கிறேன்."

தூண் மறைவிலிருந்து நழுவிச் செருப்பை மாட்டினேன். அவளுக்கு முன்னால் வீட்டுக்கு ஓடிவந்துவிட்டேன்.

வழியில் உன் மேலும் சந்தேகம் வந்தது. தறியில் நாள் முழுக்க நான் பேசுவேன், நீ "ம்" போடுவாய். கேட்டுத்தான் போட்டாயா? இல்லை, நீயும் மனசுக்குள் எங்காவது கிளம்பிப் போய்விடுவாயா?

மறுநாள் தறியில் நான் வாயைத் திறக்கவில்லை. எவ்வளவு கஷ்டம் தெரியுமா? போன் வந்தது, அவள் வெளியே போய்ப் பேசிவிட்டு வந்தாள், நான் பல்லைக் கடித்துக்கொண்டு நாடாவை எறிந்தேன். என் பேச்சு நின்றதும் அவள் நாடா ஓடுவது தனியாகக் கேட்டது. நடுநடுவே அவள் மூக்கை உறிஞ்சுவதும் கேட்டது. உன்னை நினைத்து அழுதுகொண்டிருந்தாள். எனக்கும் அழுகை வந்துவிட்டது. நீ போனதிலிருந்து நான் அழவே இல்லை அண்ணா, பேசிக்கொண்டுதான் இருந்திருக்கிறேன்.

வெகுநேரம் கழித்து அவளே சொன்னாள்: "தம்பிகிட்ட சொல்லிட்டேன் செல்வி. நான் எங்கியும் போவல."

நான் கேட்கவே இல்லை.

நிஜமாகத்தான் சொன்னாளா, என்னைப் பார்க்கப் பாவமாக இருந்து சொன்னாளா? இந்தப் புத்தி என்னை விட்டுப் போகாது. ஆனால் உனக்கு ஒரு சத்தியம் செய்கிறேன். வருகிற சந்தேகம் என் மனசோடு இருக்கும். அவள் கிளம்பும்போது "பார்த்துப் போய்ட்டு வாங்க அண்ணி" என்பதோடு நிறுத்திக்கொள்வேன். அவள் உன் குரலைக் கேட்டுவிட்டு வரட்டும்.

உன் வாயாடித் தங்கை,
செல்வி