பிந்தித் தெளியும் முகம்

அன்று ஸ்கீவ ஊரில் படம்பிடித்த வீட்டில் என் கை தவறிப் பிந்தியதா, இல்லை அந்த முகத்தை உடனே காட்ட எனக்கே மனம் வரவில்லையா? இருபத்திரண்டு வருடங்களாக என்னையே கேட்கிறேன்.

உங்கள் நினைவுத் திரையிடலுக்கான அழைப்பிதழ் மேசையில் கிடக்கிறது. அட்டையில் அதே முகம், பாதி மங்கலாக. கீழே உங்கள் பெயர். ‘தயங்கும் பார்வையின் கலைஞர்’ என்று ஒரு வரி. நாளை நான் உங்கள் பாணி பற்றிப் பத்து நிமிடம் பேச வேண்டுமாம்.

சியோலிலிருந்து கோபன்ஹேகனுக்குப் படிக்க வந்து, ஒளிப்பதிவாளராகி, விளக்குகளை வெறுத்தவர் நீங்கள். யன்னல் வெளிச்சம் போதும் என்பீர்கள். இந்த நாட்டின் மாசி மாதத்தில் அது எவ்வளவு நேரம் நிற்கும்? நடிகர்களைக் கதவு நிலைகளுக்குள் நிறுத்தி, முதுகைத்தான் முதலில் காட்டுவீர்கள். நான் உங்கள் உதவியாளர். கமராவிலிருந்து முகம்வரை நாடா பிடித்து அளந்து, நடிகர் நகர நகர லென்ஸ் வளையத்தைத் திருப்பி, முகம் மங்காமல் பார்த்துக்கொள்வது என் வேலை. ஒவ்வொரு முறையும் தொடங்குமுன், என்னிடமிருந்து கற்ற ஒரே தமிழ்ச் சொல்லால், தயாரா என்று கேட்பீர்கள்: “ஓமா?”

“ஓம்.”

ஸ்கீவ வீட்டில் அன்றும் ஓம் என்றேன். தாயாக நடித்தவர் நாம் குறித்த இடத்தைத் தாண்டி அரையடி முன்னால் வந்துவிட்டார். குளிரில் என் விரல்கள் மரத்திருந்தன. இரண்டு மூச்சு நேரம் அவர் முகம் மங்கிக் கிடந்து, பிறகுதான் தெளிந்தது. படச்சுருளைக் கழுவித் திரையில் போட்டுப் பார்த்தபோது மன்னிப்புக் கேட்டேன். நீங்கள் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“இனி எந்த முகத்துக்கும் அவசரப்படாதே” என்றீர்கள்.

ஐந்து படங்கள். அத்தனையிலும் பிந்தியது என் கை. விருது மேடைகளில் அது உங்கள் புலம்பெயர்ந்த மனத்தின் தயக்கமாயிற்று. நானும் அகதியாக வந்தவள்தான். சியோலுக்குத் திரும்பியபின் நீங்கள் கொடுத்த பேட்டிகளையும் தேடித் தேடி வாசித்தேன். ஒன்றிலும் நான் இல்லை.

பின்னேரம் அண்ணை வந்தார். அழைப்பிதழைப் புரட்டிப் பார்த்தார்.

“செத்த மனுசனைப் போய்க் குறை சொல்லப் போறியோ?”

“நடந்ததைச் சொல்லப் போறன்.”

“அப்ப சொல்லு. அங்க புகழ்ந்துபோட்டு, இங்க வந்து முகத்தைத் தூக்கி வைச்சுக்கொண்டு இருக்காதை.”

உங்களிடம் கற்றது போகவில்லை. இன்றும் யார் எதிரே வந்தாலும் என் கண் முதலில் தூரத்தைத்தான் அளக்கிறது. அதற்கு நன்றி சொல்ல மட்டும் வாய் வரவில்லை.

மறுநாள் நடந்தது இது. அந்தக் காட்சியைப் போட்டார்கள். “இந்தத் தாமதம் என் கையினுடையது. பிழையாகத்தான் தொடங்கியது” என்றேன். பகிடி என்று நினைத்துச் சபை சிரித்தது. முன்வரிசையில் உங்கள் மகள் மட்டும் சிரிக்கவில்லை. முடிந்ததும், மேலங்கிகள் மாட்டும் இடத்தில் என்னிடம் வந்தாள்.

“எங்களுக்குத் தெரியும். அப்பா வீட்டில் அடிக்கடி சொல்லுவார்.”

“வெளியில் ஏன் சொல்லவில்லை?”

“சொன்னால் தனக்கென்று என்ன மிஞ்சும் என்பார்.”

நகர ரயில் பிடித்து, இஷொயில் இருக்கும் என் வீட்டுக்கு வந்தேன். சொன்னியோ என்று கேட்கத்தான், அண்ணை இரண்டு தடவை போனில் அழைத்தார். நான் எடுக்கவில்லை.